ரேடியோ நெல் விளைந்த நிலையம்

(ஸ்ரீரங்கத்தில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



1947 ஆகஸ்ட் 15 அன்று சுதந்திர இந்தியாவின் பங்குக்கு வந்த வானொலி நிலையங்கள் ஆறே ஆறு. டெல்லி, பம்பாய், கல்கத்தா, மதராஸ், லக்னோ, அப்புறம் நம் திருச்சிராப்பள்ளி. லாகூர், பெஷாவர், டாக்கா மூன்றும் பாகிஸ்தானுக்குப் போய்விட்டன. மைசூர், ஹைதராபாத் போன்ற சமஸ்தானங்கள் நடத்திய நிலையங்கள் தனிக் கணக்கு. அகமதாபாத்துக்கு அன்று நிலையம் கிடையாது. பெங்களூருக்கும் கிடையாது. திருச்சிக்கு இருந்தது. 1939 மே 16 அன்று, சென்னை மாகாணப் பிரதமராக இருந்த ராஜாஜி தொடக்கி வைத்தார். சென்னை நிலையம் இதற்குப் பதினொரு மாதம் மூத்தது, அவ்வளவுதான்.

பொதுச் சேவை ஒலிபரப்பு பற்றிப் பேச வேண்டும் என்று அறக்கட்டளைக்காரர்கள் கேட்டார்கள். இந்தத் தலைப்பைக் கொடுத்தால் என்னைப் போன்ற விமர்சகர்கள் வழக்கமாக லண்டனில்தான் தொடங்குவார்கள். பி.பி.சி.யை உருவாக்கிய ஜான் ரீத், தகவல் தருவது, கற்பிப்பது, மகிழ்விப்பது என்ற அவருடைய மூன்று கடமைகள், அவர் பள்ளியிலிருந்து 1935ல் இந்தியாவுக்கு வந்து ஆல் இந்தியா ரேடியோ என்று பெயர் வைத்த லயனல் ஃபீல்டன் என்று வரிசையாகப் போகும். அந்த வரலாறு புத்தகங்களில் நிறைய இருக்கிறது. நான் திருச்சி நிலையம் இருக்கும் கன்டோன்மென்ட் பாரதிதாசன் சாலையில் தொடங்குகிறேன். லண்டன் கற்றுக்கொடுக்காத ஒன்று அங்கே நடந்தது.

1960களின் நடுவில் ஆடுதுறை ஆராய்ச்சி நிலையம் ஏ.டி.டி. 27 என்ற நெல் ரகத்தைக் கொடுத்தது. ஜப்பானிய ரகத்தையும் நம் ரகத்தையும் கலந்து உருவாக்கியது. குறுவைக்குத் தோதான குறுகிய வயது, உரம் போட்டால் விளைச்சலில் காட்டும். தஞ்சாவூர் மாவட்டம் அப்போது மத்திய அரசின் தீவிர வேளாண்மைத் திட்டத்தில் இருந்தது. 1966ல் நாட்டின் சில நிலையங்களில் பண்ணை இல்ல ஒலிபரப்புப் பிரிவு ஏற்படுத்தப்பட்டது. அதில் திருச்சியும் ஒன்று. நாற்றங்கால் எப்போது விடுவது, எத்தனை நாளில் பறித்து நடுவது, யூரியாவை எப்படிப் பிரித்துப் போடுவது என்று திருச்சி நிலையம் பருவம் தவறாமல் சொல்லிக்கொண்டே இருந்தது. விதை வாங்கப் போனவர்கள் ஏ.டி.டி. 27 என்று கேட்கவில்லை. ரேடியோ நெல் என்று கேட்டார்கள். உலகத்தில் எத்தனையோ ஒலிபரப்பு நிறுவனங்கள் இருக்கின்றன. அவற்றில் ஒரு பயிருக்குத் தன் பெயரைக் கொடுத்தது எது என்று தேடிப் பாருங்கள். நம் ஊர் நிலையத்துக்கு அந்தப் பெருமை உண்டு. ஊடகக் கல்லூரிப் பாடத்தில் பல வருடமாக இதைச் சொல்கிறார்கள், திருச்சிக்காரர்களுக்குத்தான் அதிகம் தெரியாது.

இது எப்படி நடந்தது? சர்க்கார் சொன்னது, ஜனங்கள் கேட்டார்கள் என்று முடித்துவிடலாம். அப்படியானால் சர்க்கார் சொன்ன எல்லாவற்றையும் ஜனங்கள் கேட்டிருக்க வேண்டுமே. குடும்பக் கட்டுப்பாட்டைச் சொன்னது, சிறுசேமிப்பைச் சொன்னது, எலி ஒழிப்பைச் சொன்னது. ரேடியோ எலிப்பொறி என்று எதுவும் வரவில்லை.

நடந்ததைக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பார்க்க வேண்டும். ஊராட்சி மன்றக் கட்டடத்தில் ஒரு ரேடியோப் பெட்டி, பூட்டிய அறைக்குள் இருக்கும். கூரை மேல் கூம்பு ஸ்பீக்கர். சாயங்காலம் மன்ற ஊழியர் வந்து சாவி போட்டுத் திறந்து திருப்பிவிடுவார். வீட்டில் ரேடியோ வைத்திருப்பவர்கள் ஊரில் நாலைந்து பேர்தான் என்பதால், களத்திலிருந்து வருகிறவர்கள் மன்றத்துத் திண்ணையில் உட்கார்ந்துதான் கேட்பார்கள். கேட்டது போதாது, பேசுவார்கள். அவன் சொல்ற மாதிரி பதினெட்டாம் நாள் பறிச்சா நாத்து நிக்குமா, போன வருஷம் உங்க மாமன் வயல்ல என்ன ஆச்சு என்று வாக்குவாதம் நடக்கும். சந்தேகம் இருந்தால் நிலையத்துக்குக் கார்டு போடுவார்கள். அந்தக் கார்டுக்குப் பதில் ஒலிபரப்பில் வரும், எழுதியவர் பெயரும் ஊர்ப் பெயரும் சொல்லி. கேள்வி கேட்டவரின் ஊர் நிலையத்திலிருந்து ஒரு பஸ் தூரம். பதில் சொல்லும் அதிகாரி அந்த ஊருக்குப் போயிருப்பார். தப்பாகச் சொன்னால் அடுத்த வாரம் கார்டு வரும், கொஞ்சம் காரமாகவே வரும்.

நான் சொல்ல வந்ததே இதுதான். பொதுச் சேவை ஒலிபரப்பு என்பது யார் பணம் கொடுக்கிறார்கள் என்பதால் தீர்மானமாவது இல்லை. எந்தச் சட்டத்தின் கீழ் நடக்கிறது என்பதாலும் இல்லை. யாருடைய கேள்விக்கு அது பதில் சொல்கிறது என்பதுதான் அடையாளம். பாரதிதாசன் சாலையில் ஒரே கூரையின் கீழ் இரண்டு நிலையங்கள் எப்போதும் இருந்திருக்கின்றன. ஒன்று டெல்லி சொல்வதை நமக்குச் சொல்வது. இன்னொன்று நாம் கேட்டதற்குப் பதில் சொல்வது. முதலாவதை அரசு வானொலி என்று சொல்லுங்கள், குற்றமில்லை. இரண்டாவது மட்டும்தான் பொது வானொலி.

ரேடியோ நெல்லின் புகழைப் பாடிவிட்டு உட்கார்ந்துவிட்டால் நான் விமர்சகன் அல்ல, நிலையத்தின் விளம்பரதாரன். அந்த நெல் விளைந்த அதே கீழத்தஞ்சையில், இரண்டு குறுவை தாண்டி, 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேர் ஒரே குடிசையில் எரிந்து போனார்கள். தலித் விவசாயத் தொழிலாளர்களும் அவர்களுடைய பெண்களும் குழந்தைகளும். கூலி உயர்வுப் போராட்டத்தின் நடுவில் நடந்தது அது. விளைச்சல் கூடியபோது கூடுதல் நெல்லில் யாருக்கு எத்தனை மரக்கால் என்ற கேள்வியும் கூடவே முளைத்தது. பண்ணை இல்ல ஒலிபரப்பு வேளாண் துறையின் நீட்சியாகத் திட்டமிடப்பட்டது. விதை, உரம், மருந்து, கடன் எல்லாம் அதன் பாடத்தில் இருந்தன. கூலி இல்லை. அது விவசாயி என்று கூப்பிட்டது நிலம் வைத்திருந்தவரை. நட்டவரும் அறுத்தவரும் அதே மன்றத்து ஸ்பீக்கரின் ஓசைக்குள்தான் இருந்தார்கள், ஆனால் திண்ணையில் உட்கார இடம் இருந்ததா, கார்டு எழுதத் தெரிந்திருந்ததா என்று கேட்டுப் பாருங்கள். ஆகவே யாருடைய கேள்வி என்று நான் சொல்லும்போது, அந்த யார் என்பதற்குள்ளேயே ஒரு பெரிய விடுபடல் இருக்கிறது. அதை மறைத்துவிட்டுப் பொற்காலம் பாடுவதில் எனக்கு விருப்பமில்லை.

பொற்காலம் பாடக்கூடாத இன்னொரு இடம் சங்கீதம். பி.வி. கேஸ்கர் 1952ல் தகவல் ஒலிபரப்பு அமைச்சராக வந்ததும் சினிமாப் பாட்டு தரக்குறைவு என்று ஏறக்குறைய அடித்து விரட்டினார். காவிரிக்கரை ரேடியோக்கள் எல்லாம் முள்ளைக் கொழும்புப் பக்கம் திருப்பின. இலங்கை வானொலியின் வர்த்தக ஒலிபரப்பு கொழித்தது இந்த அமைச்சரின் உபயத்தில். அதன் அறிவிப்பாளர்கள் மயில்வாகனமும் பின்னால் கே.எஸ். ராஜாவும் அப்துல் ஹமீதும் நம் வீட்டுப் பிள்ளைகள் ஆனது அப்படித்தான். 1957ல் விவித் பாரதி வந்து ஓரளவு சரிக்கட்டியது. ஜனங்களுக்கு எது நல்லது என்று மேலேயிருந்து முடிவு செய்கிற நிலையத்தை ஜனங்கள் பகைத்துக்கொள்வதில்லை. ஓசைப்படாமல் முள்ளைத் திருப்பிவிடுவார்கள், அவ்வளவுதான்.

ஆனால் அதே கேஸ்கர் காலத்து ஏற்பாடான தரவரிசைத் தேர்வைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். பி, பி ஹை, ஏ, டாப் என்று. அதில் ஊழலும் இருந்தது, மனக்கசப்பும் இருந்தது. இருந்தும், கோயிலும் ஜமீனும் கைவிட்ட நாகஸ்வர, தவில் வித்வான்களுக்கு மாதாந்திரமாகவோ வருடத்துக்குச் சில தடவையாகவோ ஒரு காசோலை கிடைத்தது. அதைவிட முக்கியம், கல்யாண அழைப்பிதழிலும் லெட்டர் பேடிலும் ஏ.ஐ.ஆர். ஆர்ட்டிஸ்ட் என்று போட்டுக்கொள்ளும் உரிமை. டெல்டாவில் எந்த ஊர் வித்வான் வீட்டுக்குப் போனாலும் அந்த லெட்டர் பேடைப் பார்க்கலாம். கச்சேரி பேசும்போது அந்த ஒரு வரிக்கு ஒரு விலை உண்டு. திருவையாற்றில் தியாகராஜர் ஆராதனை அன்று பஞ்சரத்னக் கீர்த்தனைகளைக் காவிரிக்கரையிலிருந்து நேரடியாகக் கேட்டுத்தான் எத்தனையோ வீடுகளில் பகுள பஞ்சமி விடிந்தது.

சரி, தன்னாட்சிக்கு வருவோம். இந்த வார்த்தையைச் சொல்லாமல் இந்தியாவில் யாரும் ஒலிபரப்பைப் பற்றிப் பேச முடியாது. தன்னாட்சி வேண்டும் என்று சந்தா கமிட்டி 1966ல் சொன்னது. 1975 ஜூன் 26 காலையில் நெருக்கடி நிலையை இந்திரா காந்தி வானொலியில்தான் அறிவித்தார். அடுத்த ஒன்றரை வருஷத்தில் அந்த வானொலிக்கு ஆல் இந்திரா ரேடியோ என்று பெயர் நிலைத்தது. அந்த அவமானத்துக்குப் பிறகு வர்கீஸ் கமிட்டி 1978ல் சொன்னது. ஜனதா அரசு மசோதா கொண்டுவந்தது, அரசே கவிழ்ந்து மசோதாவும் போயிற்று. 1984 அக்டோபர் 31 அன்று இந்திரா காந்தி இறந்த செய்தியை லண்டன் பகலிலேயே சொல்லிவிட்டது, நம் வானொலி சாயங்காலம் வரை வாயைத் திறக்கவில்லை. 1990ல் தன்னாட்சி தரும் பிரசார் பாரதி சட்டம் நிறைவேறியது. நிறைவேறிய சட்டத்தை அமலுக்குக் கொண்டுவர இன்னும் ஏழு வருஷம். 1997 செப்டம்பரில் அமல், நவம்பர் 23ல் நிறுவனம் பிறந்தது. இடையில் 1995ல் உச்ச நீதிமன்றம், அலைவரிசை பொதுச் சொத்து, அது அரசுக்கும் சொந்தமல்ல தனியார் முதலாளிக்கும் சொந்தமல்ல என்ற பொருளில் தீர்ப்புச் சொல்லிவிட்டிருந்தது.

இவ்வளவு நடந்தும், ஊழியர் சம்பளத்தின் பெரும்பகுதி மத்திய அரசு மானியம். தேவைப்படும்போது உத்தரவு போடும் அதிகாரத்தைச் சட்டத்திலேயே அரசு வைத்துக்கொண்டது. அந்தச் சட்டத்தில் இன்னொரு ஏற்பாடும் இருந்தது. ஒலிபரப்பு மன்றம் என்று ஒன்று. நேயர்களின் புகார்களை வாங்கி விசாரிக்க, பல துறைகளிலிருந்து ஆட்களைப் போட்டு அமைக்க வேண்டிய குழு. இருபத்தைந்து வருஷத்துக்கும் மேலாகிறது, அது ஏட்டோடு நின்றது. அரசுக்கு உத்தரவு போட வழி திறந்தது, நேயருக்குப் புகார் சொல்ல வழி திறக்கவில்லை. எல்லாக் கட்சிகளும் மாறி மாறி டெல்லியில் ஆண்டன. ஒரு கட்சியும் அதைத் திறக்கவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். எதிர்க்கட்சியாக இருக்கும்போது தன்னாட்சி இனிக்கும், ஆளுங்கட்சி ஆனதும் கசக்கும்.

கட்சி சார்பற்று ஒரு உதாரணம் சொல்கிறேன். 1977 தேர்தலிலிருந்து அங்கீகரிக்கப்பட்ட கட்சிகளுக்கு வானொலியில் பேச நேரம் ஒதுக்குகிறார்கள். நல்ல வழக்கம், ஆளுங்கட்சியும் எதிர்க்கட்சியும் ஒரே மைக்கில் பேசலாம். 2024 தேர்தலில் மார்க்சிஸ்ட் கட்சியின் சீதாராம் யெச்சூரியும் பார்வர்ட் பிளாக்கின் தேவராஜனும் அரசை விமர்சித்த தங்கள் உரைகளில் சில வார்த்தைகளை நீக்கவோ மாற்றவோ வேண்டியதாயிற்று. மைக் கொடுத்தது சரி, அதற்கு முன் ஒரு வடிகட்டியும் வைத்தார்கள். அதே வானொலியில் 2014 அக்டோபர் 3 முதல் பிரதமரின் மனதின் குரல் வருகிறது, வழக்கமாக மாதத்தின் கடைசி ஞாயிறு காலை 11 மணிக்கு. நாட்டின் பிரதமர் வானொலியில் பேசுவதில் எனக்கு ஆட்சேபமே கிடையாது, ரூஸ்வெல்ட் பேசியிருக்கிறார். மறுநாள் காலை அந்தப் பேச்சின் மேல் பொதுமக்கள் கேள்வி கேட்கும் ஒரு அரை மணி நேரம் அதே வானொலியில் வந்தால் எனக்கு நிறைவாக இருக்கும்.

நம் மாநிலத்துக்காரர்கள் இதைக் கேட்டு மூக்கின் மேல் விரல் வைக்க வேண்டாம். தமிழ்நாட்டில் கட்சிக்கு ஒரு சேனல். 1993 ஏப்ரல் 14ல் சன் டிவி வந்தது, ஜெயா டிவி வந்தது, மக்கள் டிவி, கலைஞர் டிவி, கேப்டன் டிவி எல்லாம் வந்தன. இரவு எட்டு மணிக்கு ஒரே மாநிலத்தில் நாலு வெவ்வேறு மாநிலங்களின் செய்தி ஓடும். ஒரே ஊரில் ஒரே நாள் ஒருவருக்குக் குடிநீர் வரும், இன்னொருவருக்கு வராது, எந்தச் சேனல் என்பதைப் பொறுத்து. இதற்கு நடுவில் பொதுத் தொலைக்காட்சிக்கு ஒரு பெரிய இடம் காலியாகக் கிடந்தது. 1975 ஆகஸ்ட் 15ல் தொடங்கிய சென்னைத் தொலைக்காட்சி, பிறகு பொதிகை ஆகி, 2024 ஜனவரியில் டிடி தமிழ் ஆனது. பெயர்தான் மாறிக்கொண்டே இருக்கிறது. அந்தக் காலி இடத்தில் அது வந்து உட்காரவில்லை.

வானொலியில் நிலைமை இன்னும் விசித்திரம். இந்தியாவில் நூற்றுக்கணக்கான தனியார் செய்தித் தொலைக்காட்சிகள் இருபத்து நாலு மணி நேரமும் கத்தலாம். தனியார் எஃப்.எம். வானொலி சொந்தமாக ஒரு வரி செய்தி சொல்லக்கூடாது. 2011 கொள்கைப்படி ஆகாசவாணிச் செய்தியை ஒரு எழுத்தும் மாற்றாமல் அப்படியே அஞ்சல் செய்யலாம், அவ்வளவுதான். சமுதாய வானொலிக்கும் இதே கதி. ஹோலி கிராஸ் கல்லூரி 2006லிருந்தே நம் ஊரில் சமுதாய வானொலி நடத்துகிறது. பக்கத்துக் குடியிருப்புகளின் பெண்களை மைக் முன்னால் உட்கார வைத்த நிலையம் அது. அங்கே சாக்கடை அடைப்பைப் பற்றிப் பேசலாம், அதே சாக்கடை பற்றி மாநகராட்சிக் கூட்டத்தில் என்ன தீர்மானம் வந்தது என்று செய்தியாக வாசிக்கலாமா என்றால் யோசிக்க வேண்டும். ஆக, வானொலிச் செய்தி இன்றும் இந்த நாட்டில் ஏகபோகம். ஏகபோகம் வைத்திருப்பவருக்குக் கடமையும் அதே அளவு இருக்க வேண்டும்.

இந்தக் கடமை எப்படிப்பட்டது என்பதற்கு இந்த ஸ்ரீரங்கம் தீவைவிடப் பொருத்தமான இடம் இல்லை. காவிரி ஒரு பக்கம், கொள்ளிடம் மறு பக்கம். 2018 ஆகஸ்ட் 22 இரவு முக்கொம்பு மேலணையில் கொள்ளிடம் கதவணையின் ஒன்பது மதகுகள் அடித்துக்கொண்டு போயின. ஆர்தர் காட்டன் 1836ல் கட்டியது. அதே மாதம் பழைய கொள்ளிடம் பாலத்தின் தூணும் சரிந்தது. மேட்டூர் நிரம்பி வழிந்து ஆற்றில் லட்சத்துக்கு மேல் கன அடி போய்க்கொண்டிருந்த வாரங்கள் அவை. அப்படிப்பட்ட ராத்திரியில் இங்கே வடக்கு வாசல் பக்கமோ திருவானைக்காவலிலோ இருக்கிற ஒருவருக்குத் தேவைப்படுவது என்ன? முக்கொம்பில் இப்போது எவ்வளவு வெளியேறுகிறது, அது கொள்ளிடத்தில் போகிறதா காவிரியில் போகிறதா, எந்தப் பாலத்தில் போகலாம், பள்ளிக்கூடம் உண்டா. நாலு கேள்வி. சென்னையிலிருந்து பேசுகிற செய்தித் தொலைக்காட்சிக்கு உடைந்த மதகின் படம் கிடைத்தால் போதும், திரும்பத் திரும்ப அதையே காட்டும். கைபேசியில் யாரோ அனுப்பிய குரல் பதிவு வரும், எந்த ஊர், எந்த வருஷம் என்றே தெரியாது. மேட்டூர் நீர்மட்டத்தையும் வெளியேறும் தண்ணீரையும் தினம் விடாமல் சொல்லிப் பழகிய நிலையம் ஒன்று, நிலைமை மோசமாகும்போது மணிக்கு ஒரு முறை சொல்லலாம். அதற்கு ஆள் இங்கே இருக்க வேண்டும். 2018 நவம்பரில் கஜா புயலில் கரண்ட் போய், டவர் போய், டெல்டாவில் பல ஊர்கள் நாள்கணக்கில் இருட்டில் கிடந்தன. பேட்டரி போட்ட ரேடியோ அப்போது எத்தனை வீட்டில் இருந்தது என்பது ஒரு கேள்வி. கைபேசிகளில் எஃப்.எம். வசதியை முடக்கக்கூடாது என்று மத்திய அரசு 2023ல் அறிவுரை சொன்னதற்குக் காரணமும் பேரிடர்தான்.

வட்டார நிலையங்களின் சொந்த நேரத்தைக் குறைத்து, மாநிலம் முழுக்க ஒரே நிகழ்ச்சியைக் கேட்க வைக்கலாம் என்ற யோசனை சில வருஷங்களுக்கு முன் எழுந்தபோது தமிழ்நாட்டில் எதிர்ப்பு கிளம்பியது இதனால்தான். செலவு மிச்சம் என்பார்கள். 2023 ஜனவரியில் மத்திய அமைச்சரவை ஒலிபரப்புக் கட்டமைப்பை நவீனமாக்க 2,539 கோடி ரூபாய் ஒதுக்கியது. ஒலிபரப்பி வாங்கலாம், டிஜிட்டல் ஸ்டுடியோ போடலாம், அதெல்லாம் வேண்டியதுதான். பகல் 1.45க்குத் திருச்சியிலிருந்து வாசிக்கும் மாநிலச் செய்திக்குச் செய்தி சேகரிக்க அரியலூருக்கும் பெரம்பலூருக்கும் போகிற நிருபருக்கு என்ன வழி? நிலையத்தில் ஓய்வு பெற்றுப் போகும் நிகழ்ச்சித் தயாரிப்பாளரின் நாற்காலிக்கு யார்? பகுதிநேர அறிவிப்பாளர்களை வைத்தே எவ்வளவு காலம் ஓட்டுவது?

இந்த ஊரில் நின்றுகொண்டு ஒலிபரப்பைப் பற்றிப் பேசிவிட்டு வைகுண்ட ஏகாதசி நேர்முக வர்ணனையைச் சொல்லாமல் போனால் நீங்கள் விடமாட்டீர்கள். அதையும் தொழில்முறையாகத்தான் பார்க்கிறேன். விடிகாலை இருட்டில் நம்பெருமாள் ரத்னாங்கி சாத்திக்கொண்டு மூலஸ்தானத்திலிருந்து புறப்படுகிறார். சிம்ம கதியில் வெளியே வந்து, பிராகாரம் பிராகாரமாகத் தாண்டி, விரஜா நதி மண்டபத்தில் நின்று, பரமபத வாசல் திறந்ததும் வெளியே வருகிறார். இதில் பார்க்க இருப்பது அதிகம், கேட்க இருப்பது நாகஸ்வரமும் வேதகோஷமும் ரங்கா ரங்கா என்ற கூட்டத்தின் குரலும். வர்ணனையாளருக்குச் சிக்கல் என்னவென்றால், எப்போது பேசுவது என்பதைவிட எப்போது பேசாமல் இருப்பது என்பது. வாசல் திறக்கிற அந்த நொடியில் ஒரு வார்த்தை கூடச் சொல்லாமல் ரங்கா ரங்கா என்ற சத்தத்தை மட்டும் விட்டுவிடத் தெரிந்தவர்தான் நல்ல வர்ணனையாளர். அப்புறம், நடக்க முடியாமல் வீட்டில் படுத்திருக்கிற பாட்டிக்கு, இப்போது பெருமாள் எங்கே எழுந்தருளியிருக்கிறார், என்ன கொண்டை, என்ன மாலை என்று சொல்ல வேண்டும். இன்று பத்து சேனல் நேரலை காட்டுகிறது, யூட்யூபில் தெளிவாகத் தெரிகிறது. பல சேனல்களில் வாசல் திறக்கும்போதும் பேச்சு நிற்பதில்லை. பார்க்க முடிகிறவரிடம் பார்ப்பதையே சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். வானொலிக்காரர்கள் கண் தெரியாதவருக்குச் சொல்லிப் பழகியவர்கள், அதனால் கண் தெரிந்தவருக்கும் அவர்கள் சொல்வது ருசித்தது.

இதில் ஒரு கேள்வி வரும், பொது வானொலி ஒரு மதத்தின் விழாவுக்கு இவ்வளவு நேரம் கொடுக்கலாமா என்று. கொடுக்கலாம். நத்ஹர்வலி தர்காவின் கந்தூரிக்கும் கிறிஸ்துமஸ் நள்ளிரவுப் பூசைக்கும் அதே அக்கறையோடு ஆள் அனுப்பினால் கொடுக்கலாம். ஒரு ஊரின் வருஷத்தை அந்த ஊர் நிலையம் கூடவே நடந்து சொல்வது பொதுச் சேவைதான்.

பணத்தைப் பற்றி ஒரு வார்த்தை. இங்கே இருக்கும் மூத்தவர்களுக்கு ரேடியோ லைசென்ஸ் ஞாபகம் இருக்கும். தபால் ஆபீசில் வருஷா வருஷம் பணம் கட்டி, சின்னப் புத்தகத்தில் முத்திரை வாங்க வேண்டும். லைசென்ஸ் இல்லாமல் வைத்திருந்தால் சோதனைக்கு ஆள் வருவார். 1980களின் நடுவில் அதை எடுத்துவிட்டார்கள், எல்லாரும் சந்தோஷப்பட்டோம். அந்தப் பணத்தை நேயரின் பங்கு என்று யாரும் நினைக்கவில்லை, வரி என்றே நினைத்தோம், அரசும் அப்படித்தான் வாங்கியது. ஜெர்மனியில் இதைத் திருப்பிப் போட்டார்கள். கோயபல்ஸின் வானொலியைப் பார்த்துவிட்டு, யுத்தத்துக்குப் பின் ஒலிபரப்பை மத்திய அரசின் கையில் கொடுக்கவே கூடாது என்று மாநிலவாரியாகப் பிரித்துக் கொடுத்தார்கள். ஒவ்வொரு நிறுவனத்துக்கும் ஒரு மன்றம். தேவாலயம், தொழிற்சங்கம், பெண்கள் அமைப்பு, விளையாட்டுச் சங்கம் என்று பல தரப்பு ஆட்கள் அதில் உட்காருவார்கள். பிரதமர் அடினாவர் மத்திய அரசின் சார்பில் ஒரு தொலைக்காட்சி தொடங்கப் பார்த்தார், 1961ல் அரசியல் சாசன நீதிமன்றம் கூடாது என்று நிறுத்தியது. வீட்டுக்கு மாதம் 18.36 யூரோ கட்டணம், 2021லிருந்து. அங்கேயும் புலம்பல் உண்டு, கட்டணம் அதிகம் என்று வழக்குகள் உண்டு, மன்றங்களில் கட்சிக்காரர்கள் நுழைந்துவிட்டார்கள் என்ற புகாரும் உண்டு. ஆனால் எங்கே போய்ப் புகார் சொல்வது என்று தெரிகிறது.

நமக்குக் கட்டணம் வேண்டாம். மானியத்திலேயே நடக்கட்டும், நம் வரிப்பணம்தானே. திருச்சி நிலையத்துக்கு ஒரு நேயர் மன்றம் வேண்டும், சட்டத்தில் தூங்குகிற அந்த ஒலிபரப்பு மன்றத்தின் உள்ளூர்க் கிளை மாதிரி. குறுவை விவசாயி இருக்கட்டும், விவசாயத் தொழிலாளர் கட்டாயம் இருக்கட்டும், காந்தி மார்க்கெட் சுமைதூக்குவோர், திருவெறும்பூர்த் தொழிற்சாலை ஊழியர், ஒரு நாகஸ்வரக்காரர், ஒரு பள்ளி ஆசிரியை. வருஷத்துக்கு நாலு கூட்டம், நிலைய இயக்குநர் வந்து பதில் சொல்ல வேண்டும். முன்பு வானொலி என்று ஒரு இதழ் வந்தது, நிகழ்ச்சி நிரலை முன்கூட்டியே அச்சிட்டுக் கொடுத்தார்கள். அதுபோல வாராவாரம் நிரலை வெளியிடட்டும், எந்த நேரம் திருச்சியில் தயாரானது, எந்த நேரம் வெளியிலிருந்து வாங்கியது என்று பிரித்து. படித்தாலே பாதி விவரம் தெரிந்துவிடும்.

இன்னொன்று, இதற்கு எந்தச் சட்டத் திருத்தமும் வேண்டாம். ஒவ்வொரு மாதமும் கலெக்டர் ஆபீசில் விவசாயிகள் குறைதீர் கூட்டம் நடக்கிறது. கலெக்டர், வேளாண் இணை இயக்குநர், நீர்வளத் துறைப் பொறியாளர், கூட்டுறவு வங்கி அதிகாரி எல்லாரும் ஒரே மேடையில் உட்கார்ந்திருப்பார்கள். கொள்முதல் நிலையத்தில் மூட்டைக்கு எவ்வளவு கேட்கிறார்கள், கடைமடைக்கு ஏன் தண்ணீர் வரவில்லை, பயிர்க் காப்பீட்டுப் பணம் எங்கே என்று விவசாயிகள் எழுந்து நேருக்கு நேர் கேட்பார்கள். சில மாதம் எலியைக் கையில் பிடித்துக்கொண்டும் காலித் தட்டோடும் வருவார்கள், அன்றைக்கு மட்டும் பத்திரிகையில் படம் வரும். கலெக்டர் ஆபீசும் வானொலி நிலையமும் ஒரே கன்டோன்மென்ட்டில்தான் இருக்கின்றன. ஸ்ரீரங்கத்துக்கு ஏகாதசிக்குக் கொண்டுவரும் மைக்குகளை மாதத்தில் ஒரு காலை அங்கே கொண்டுபோய் வைத்து, கேள்வியையும் பதிலையும் வெட்டாமல் நேரடியாக ஒலிபரப்பச் சொல்லி நிலைய இயக்குநருக்கு ஒரு விண்ணப்பம் எழுதியிருக்கிறேன். வாசல் பக்கத்து மேஜையில் இருக்கிறது. விருப்பமுள்ளவர்கள் போகும்போது கையெழுத்துப் போட்டுவிட்டுப் போகலாம்.